கம்பளத்தின் தலையில் கட்டிய வாடகை

நஷ்டத்தில் ஓடுகிற ஒன்றை நிறுத்தினால் லாபம் கூட வேண்டும். இதில் மண்டையை உடைத்துக்கொள்ள என்ன இருக்கிறது? சலவைக்கூடத்தின் மொத்த லாபம் மாதம் இருபத்தைந்தாயிரம். அதற்குள் கம்பளப் பிரிவு மட்டும் பத்தாயிரம் நஷ்டம். அந்தப் பத்தைத் தூக்கி வெளியே போட்டால் முப்பத்தைந்து வர வேண்டும். பள்ளிக்கூடப் பிள்ளையைக் கேட்டாலும் இதையேதான் சொல்லும்.

கம்பளப் பிரிவை மூடியாயிற்று. மூடிய பிறகு வந்த முதல் முழு மாதக் கணக்கை அவள் கூட்டினாள். முப்பத்தைந்து வரவில்லை. பழைய இருபத்தைந்தும் வரவில்லை. சில்லறையைத் தள்ளிவிட்டுப் பார்த்தால் லாபம் பூஜ்யம்.

கால்குலேட்டரில் பேட்டரி தீர்ந்திருக்குமோ என்று அதன் முதுகைத் தட்டினாள். மறுபடி கூட்டினாள். வேறு பேனாவால், மேலிருந்து கீழாகவும் கீழிருந்து மேலாகவும் கூட்டினாள். ஓட்டல்காரர்கள் வழக்கம்போலப் பணம் கட்டியிருந்தார்கள். வீட்டுத் துணி ஒரு மூட்டைகூடக் குறையவில்லை. யாரும் திருடவில்லை, எதுவும் விலை ஏறவில்லை. இருந்தும் இருபத்தைந்தாயிரம் காணாமல் போயிருந்தது. கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம், கூடத்தின் பாதி வெறும் சிமெண்டுத் தரையாகக் காய்ந்து கிடந்தது. அண்ணன் வேலை செய்த பாதி அது.

அந்தக் கூடம் ஓர் அண்ணனுக்கும் தங்கைக்கும் பொதுச் சொத்து. கட்டடம் வாடகை. உள்ளே இருக்கும் பாய்லரும் இயந்திரங்களும் பெற்றவர்கள் விட்டுப்போனவை. மூன்று பிரிவுகள் ஓடின. ஓட்டல்களின் படுக்கை விரிப்புகளும் துண்டுகளும் ஒரு பக்கம். குடும்பங்கள் போடும் வீட்டுத் துணி இன்னொரு பக்கம். மிச்சமிருந்த பாதி முழுக்கக் கம்பளம். வருகிற லாபத்தை இருவரும் சரிபாதியாக எடுத்துக்கொள்வார்கள். கூடத்துக்குப் பின்னால் இருந்த வீட்டில் அண்ணன், அண்ணி, அவள் என்று மூன்று பேர். அவளுக்கு வரன் வந்தபோதெல்லாம், "நான் போயிட்டா இவரு கணக்கை யாரு பாக்கறது?" என்று சிரித்தே தட்டிக்கழித்து, கடைசியில் வரன் வருவதே நின்றுபோயிற்று. சின்ன வயதில் காசு எண்ணும் ஆசையில் அண்ணன் சட்டைப் பையைக் குடைந்துகொண்டே இருப்பாளாம். அதனால் அண்ணனுக்கு அவள் இன்றைக்கும் "சில்லறை"தான்.

கம்பளம் துவைப்பது மற்ற துணி துவைப்பது போல இல்லை. அதை இயந்திரத்துக்குள் திணிக்க முடியாது. முதலில் குப்புறப் போட்டு, அதிர்கிற கருவியை முதுகில் ஓட்ட வேண்டும். அடியில் புதைந்த மண் பொலபொலவென்று உதிரும். பிறகு சரிவான தரையில் விரித்து, குளிர்ந்த தண்ணீரை ஓடவிட்டு, நீளக் காம்பு போட்ட பிரஷ்ஷால் நூல் சாய்ந்திருக்கும் திசையிலேயே தேய்க்க வேண்டும். வெந்நீர் பட்டால் சாயம் கலங்கிவிடும். கடைசியில் ரப்பர் கட்டையால் தண்ணீரை வழித்து, சுருட்டி, மூன்று பேராகத் தூக்கி, உயரத்தில் இருக்கும் இரும்புக் கம்பிகளில் தொங்கவிட வேண்டும். நனைந்த கம்பளம் ஒரு ஆள் கனம் கனக்கும். இதற்கெல்லாம் இடம் வேண்டும். பாதிக் கூடத்தைக் கம்பளம் அடைத்துக்கொண்டது அண்ணனின் பேராசையால் அல்ல, கம்பளத்தின் அகலத்தால்.

மாலை வகுப்பில் சேரச் சொன்னதே அண்ணன்தான். வணிகக் கணிதம். கல்லூரிக் கட்டடம் ஒன்றில், பகலில் பிள்ளைகள் உட்காரும் குட்டை மேஜைகளில், கடை வைத்திருப்பவர்களும் கம்பெனியில் வேலை பார்ப்பவர்களும் முழங்காலை மடக்கிக்கொண்டு உட்கார்ந்து படிப்பார்கள். பாடம் எடுத்தது அவளைவிட வயதில் சின்னப் பெண். "மேடம், கடைசி வரி புரிஞ்சுதா?" என்று அவளைத்தான் முதலில் கேட்பாள், ஏனென்றால் அவள் முகத்தில்தான் புரிவதும் புரியாததும் பளிச்சென்று தெரியும்.

அண்ணன் ஸ்கூட்டரில் கொண்டுவந்து விட்டுவிட்டு வாசலிலேயே காத்திருப்பார். திரும்பும் வழியில், "இன்னைக்கு என்ன கத்துக்கிட்டே?" என்பார். அவள் பின்னால் உட்கார்ந்து அவர் ஹெல்மெட்டைப் பார்த்துப் பாடம் நடத்துவாள். கூட்டு வட்டி, தேய்மானம், சராசரி எல்லாவற்றுக்கும் ஹெல்மெட்டுக்குள்ளிருந்து "ஓகோ" என்று ஒரு சத்தம் வரும்.

"புரிஞ்சுதா அண்ணா?"

"நீ படிச்சா நான் படிச்ச மாதிரி. ரெண்டு பேரும் படிச்சு என்ன பண்ணப்போறோம்? கம்பளத்தை யாரு தேய்க்கறது?"

விடுமுறைக்கு முந்திய கடைசி வகுப்பில்தான் பொதுச்செலவுப் பங்கீடு வந்தது. வாடகை எந்தப் பிரிவுக்குச் சொந்தம்? எதற்கும் இல்லை, எல்லாவற்றுக்கும்தான். அதைப் பிரித்துப்போட ஒரு அளவுகோல் வேண்டும். "ஆள் கணக்குல பிரிக்கலாம், நேரக் கணக்குல பிரிக்கலாம். சுலபமானது, இடத்தை வெச்சுப் பிரிக்கறது. யார் எவ்வளவு சதுர அடி வெச்சிருக்காங்களோ அவ்வளவு வாடகை," என்றாள் அந்தப் பெண். அதோடு மணி அடித்துவிட்டது. "மீதி லீவு முடிஞ்சு பாத்துக்கலாம். அதுவரைக்கும் அவங்கவங்க தொழில்ல போட்டுப் பாருங்க."

அவள் போட்டுப் பார்த்தாள். வாடகை நாற்பதாயிரம். பாய்லருக்கு எரிபொருளும் அதை ஓட்டுகிறவரின் சம்பளமும் சேர்த்து முப்பதாயிரம். ஆக எழுபது. டேப்பைப் பிடித்துக் கூடத்தை அளந்தாள். பத்தில் ஐந்து பங்கு கம்பளம், மூன்று பங்கு ஓட்டல், இரண்டு பங்கு வீட்டுத் துணி. எழுபதை அப்படியே வெட்டினாள்: முப்பத்தைந்து, இருபத்தொன்று, பதினான்கு. ஓட்டல் துணி தன் சோப்பும் கூலியும் போக நாற்பது கொண்டுவந்தது; அதன் பங்கைக் கழித்தால் பத்தொன்பது லாபம். வீட்டுத் துணி முப்பது கொண்டுவந்தது. கழித்தால் பதினாறு லாபம். கம்பளம், அதற்கென்றே ஆகிற சோப்பும் தண்ணீரும் இரண்டு ஆட்களின் சம்பளமும் போக, இருபத்தைந்து கொண்டுவந்தது. அதில் முப்பத்தைந்தைக் கழித்தாள். பத்து நஷ்டம்.

எல்லாவற்றையும் கூட்டினால் இருபத்தைந்து. கையில் இருக்கும் லாபத்தோடு அச்சாகப் பொருந்தியது. சரியாக வந்த விடையைப் பார்க்கிற சந்தோஷம் இருக்கிறதே, அது ஆளை மயக்கிவிடும். அன்றைக்கு மதியமே அதைக் கொண்டுபோய் அண்ணனிடம் காட்டினாள். அவர் ஈரக்காலோடு ஒரு பக்கெட்டைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்திருந்தார்.

"இதுல நான் எங்க இருக்கேன் சில்லறை?"

"மூணாவது வரிசை."

"எண்ணுக்கு முன்னாடி சின்னதா ஒரு கோடு இருக்கே. மத்த ரெண்டுக்கும் இல்லையே."

"அது மைனஸ் அண்ணா. நஷ்டம்."

அவர் ஈர விரலால் அந்தக் கோட்டைத் தொட்டுப் பார்த்தார். "இந்த மாசம் மட்டுமா?"

"கணக்குப் போட்டது இந்த மாசத்துக்குத்தான். ஆனா எப்பவும் இதே இடம், இதே வாடகைதானே? எப்பவுமே இப்படித்தான் இருந்திருக்கும்."

"அப்போ இத்தனை வருஷமா உன் சோத்தைத்தான் தின்னுட்டு இருந்திருக்கேனா?"

"ஆமா, நல்லா வளத்து விட்டிருக்கேன்ல உன்னை," என்று அவள் சிரித்தாள். அவரும் சிரித்தார். இரண்டு பேரும் ஒரே மாதிரிதான் சிரிக்கிறோம் என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

மூடலாம் என்று சொன்னதும் அவரே. அவள் தயங்கியபோது, "நீ படிச்சது எதுக்கு? பள்ளத்துல தண்ணி இருக்குன்னு தெரிஞ்சும் வண்டியை விடறதா?" என்றார். கம்பிகள் பழைய இரும்புக்குப் போயின. கூட வேலை பார்த்த இரண்டு பேரில் ஒருவர் வேறு சலவைக்கூடத்துக்குப் போனார். இன்னொருவர் எங்கே போனார் என்று தெரியவில்லை. வாடிக்கையாளர்களை அண்ணனே ஒவ்வொருவராகக் கூப்பிட்டு, எதிர்த் தெருக் கூடத்தின் விலாசத்தைக் கொடுத்தார். வீட்டுத் துணிப் பக்கம் வந்து கொஞ்ச நாள் மூட்டை பிரித்துப் பார்த்தார். அங்கே ஏற்கெனவே இருக்கிற ஆட்களே போதும் என்பது அவருக்கும் தெரிந்தது. அண்ணியின் தம்பி வேறு ஊரில் சரக்குக் கிடங்கு வைத்திருந்தான். நம்பிக்கையான ஆள் வேண்டுமென்று ரொம்ப நாளாகக் கூப்பிட்டுக்கொண்டிருந்தான். அண்ணன் அண்ணியோடு அங்கே போய்விட்டார். போகும்போது லாபத்தில் தன் பாதி இனி வேண்டாமென்று சொல்லிவிட்டார். "பாதி உன்னோடதுண்ணா," என்று அவள் கெஞ்சியதற்கு, "தேய்க்காத கம்பளத்துக்குக் கூலி கேப்பாங்களா யாராவது?" என்று முடித்துவிட்டார்.

அந்தப் பூஜ்யம் வந்த வாரத்தில்தான் அண்ணி போன் செய்தாள். அண்ணி போனில் நலம் விசாரிக்கிற ரகம் இல்லை, எடுத்தவுடன் விஷயம்தான்.

"ஒரே ஒரு கேள்வி கேக்கறேன், மறைக்காம சொல்லு. உங்கண்ணன் இத்தனை வருஷம் உன் காசுலயா சாப்பிட்டாரு?"

"என்ன அண்ணி பேசறீங்க?"

"நான் பேசல. அவரு பேசறாரு. என் தம்பி பொண்டாட்டி முன்னாடி, ஏதோ பெருமை மாதிரி சொல்றாரு: 'எனக்கு வியாபாரம் வராது, தங்கச்சிதான் சோறு போட்டு வெச்சிருந்தா.' தட்டுல ரெண்டாவது தடவை போடப் போனா கையை வெச்சு மறைச்சுக்கறாரு. மனுஷன் பாதியா இளைச்சுட்டாரு. நீ போட்ட கணக்குதானே? அது நெஜமா பொய்யா, அதை மட்டும் சொல்லு."

கணக்கு நிஜம் என்றால் அண்ணன் தண்டச்சோறு. கணக்கு பொய் என்றால் எங்கே பொய்? அவள் கையில் இருந்ததோ விடை தெரியாத ஒரு பூஜ்யம்.

"யோசிச்சு சொல்றேன் அண்ணி."

"யோசி. மூடறதுக்கு முன்னாடி யோசிச்சிருக்கலாம்," என்று வைத்துவிட்டாள்.

மறுநாள் காலை பாய்லர் மூட்டும் நேரத்துக்கே அவள் கூடத்துக்குப் போனாள். கம்பளம் போய்விட்டதே, எரிபொருள் எவ்வளவு மிச்சமாகிறது என்று பார்க்க ஆசை. பாய்லர் என்பது ஒரு பெரிய மூடிய அண்டா. தண்ணீர் கொதித்து நீராவி ஒரு குறிப்பிட்ட அழுத்தத்துக்கு வந்தால்தான் குழாயில் திறந்துவிட முடியும். ஒரு விரிப்பு துவைத்தாலும் நூறு விரிப்பு துவைத்தாலும் அந்த அழுத்தம் வரைக்கும் தீ ஒன்றுதான். முள் நகர்வதையே பார்த்துக்கொண்டு நின்றாள். எரிபொருள் ரசீதுகளையும் எடுத்துப் பார்த்தாள். கம்பளம் இருந்த மாதத்துக்கும் இல்லாத மாதத்துக்கும் வித்தியாசமே இல்லை. எப்படி இருக்கும்? கம்பளத்துக்குத்தான் வெந்நீரே ஆகாதே. ஒரு சொட்டு நீராவி வாங்காத பிரிவின் தலையில் பாய்லர் செலவில் பாதியைக் கட்டியிருக்கிறாள்!

கட்டடத்துக்காரருக்கு போன் போட்டாள். பாதிக் கூடத்தைத் திருப்பிக் கொடுத்தால் வாடகையில் பாதி குறையுமா?

"பாதியை வெச்சுக்கிட்டு நான் என்னம்மா பண்றது? கதவு உங்க பக்கம் இருக்கு," என்று அவர் சிரித்தார். "ஒப்பந்தம் முழுசுக்கும்தான்."

வாடகையும் போகவில்லை, பாய்லரும் போகவில்லை. எழுபதும் எழுபதாகவே நின்றது. அவள் கண்ணாடித் தடுப்புக்குள் வந்து உட்கார்ந்து, மூடிய பிறகு உள்ள கூடத்துக்கும் அதே சதுர அடிக் கணக்கைப் போட்டாள். இப்போது இருப்பது இரண்டே பிரிவு; மூன்றுக்கு இரண்டு இடம். எழுபதில் ஓட்டலுக்கு நாற்பத்திரண்டு, வீட்டுத் துணிக்கு இருபத்தெட்டு. ஓட்டல் கொண்டுவருவது நாற்பது. அதன் முன்னாலும் இப்போது அந்தச் சின்னக் கோடு வந்து நின்றது. இரண்டு நஷ்டம்.

ரசீதில் கையெழுத்து வாங்க வந்த பாய்லர் மாஸ்டர் அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, "என்னம்மா, யாரு நஷ்டமாம் இந்தத் தடவை?" என்றார்.

"ஓட்டல் துணியாம் மாஸ்டர்."

"அப்போ அதையும் மூடிடுங்க. அப்புறம் வீட்டுத் துணி நஷ்டம்னு வரும், அதையும் மூடிடுவோம். கடைசியில நானும் பாய்லரும் லாபமா உக்காந்திருப்போம்."

அவர் வேடிக்கைக்குச் சொன்னார். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. போன மாதம் பத்தொன்பது லாபம் காட்டிய ஓட்டல் இந்த மாதம் எப்படி நஷ்டமாகும்? ஒரு விரிப்பு கூடவில்லை, குறையவில்லை. ஓட்டல் மாறவில்லை, அதன் தலையில் வைத்த மூட்டைதான் கனத்தது. கம்பளம் இத்தனை நாள் சுமந்த முப்பத்தைந்து எங்கேயும் ஓடிவிடவில்லை. அது இறங்கி வந்து மிச்சமிருப்பவர்கள் தலையில் ஏறிக்கொண்டிருக்கிறது.

சரி, சதுர அடிதான் தப்பான அளவுகோலோ? பழைய கணக்கை எடுத்து வேறு அளவுகோல்களால் வெட்டிப் பார்த்தாள். வாடகையை மட்டும் இடத்தால் பிரித்து, பாய்லரை நீராவி வாங்கும் அளவால் பிரித்தாள். ஓட்டலுக்கு இருபது, வீட்டுத் துணிக்குப் பத்து, கம்பளத்துக்கு ஒன்றுமில்லை. இப்போது கம்பளம் ஐந்து லாபம்! அந்த ஐந்தை உடனே அண்ணியிடம் சொல்லிவிட வேண்டும் என்று போனை எடுத்தாள், எடுத்தவள் வைத்துவிட்டாள். இன்னொரு அளவுகோலையும் பார்த்துவிடலாம். கூடத்துக்குள் வரும் உருப்படிகளின் டோக்கன் கணக்கால் எழுபதையும் பிரித்தாள். பத்து டோக்கனில் ஆறு வீட்டுத் துணி, மூன்று ஓட்டல், ஒன்று கம்பளம். இந்தத் தடவை கம்பளம் பதினெட்டு லாபம். வீட்டுத் துணி பன்னிரண்டு நஷ்டம்.

பேனாவைக் கீழே வைத்தாள். ஒரே கூடம், ஒரே மாதம். ஒரு அளவுகோல் அண்ணனை நஷ்டம் என்கிறது, இன்னொன்று லாபம் என்கிறது, மூன்றாவது வேறு யாரையோ காட்டிக்கொடுக்கிறது. ஆனால் எப்படி வெட்டினாலும் மூன்றையும் கூட்டினால் அதே இருபத்தைந்து. வெட்டுவது அவள் இஷ்டம். தன் இஷ்டத்தால் வந்த கோட்டை அவள் அண்ணனின் பெயருக்கு முன்னால் போட்டுவிட்டாள். அவர் அதைத் தன் வாழ்க்கைக்கு முன்னால் போட்டுக்கொண்டார்.

பிரிப்பதையே விட்டுவிட்டால்? எழுபதை ஒரு ஓரமாக, யார் தலையிலும் வைக்காமல், அப்படியே வைத்தாள். கம்பளத்தை மூடினால் கூடத்துக்கு வராமல் போவது என்ன? அது கொண்டுவந்த இருபத்தைந்து. ஓட்டலை மூடியிருந்தால் நாற்பது போயிருக்கும். வீட்டுத் துணியை மூடியிருந்தால் முப்பது. காணாமல் போன இருபத்தைந்தாயிரம் அங்கேதான் இருந்தது. யாரும் அதைத் திருடவில்லை. அவள்தான் அதை அண்ணனோடு சேர்த்து ஆட்டோவில் ஏற்றி, இரண்டு பெட்டிகளோடு பஸ் ஸ்டாண்டில் கொண்டுபோய் இறக்கிவிட்டு வந்திருந்தாள்.

மொத்த லாபம் இருபத்தைந்து, அண்ணன் கொண்டுவந்ததும் இருபத்தைந்து. அப்படியானால் கூடத்தின் லாபம் முழுக்க அண்ணனால்தான் வந்தது என்று சொல்லிவிடலாமா? சொல்ல ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் அதுவும் பொய்க் கணக்கு. ஓட்டலும் வீட்டுத் துணியும் எழுபதை அடைத்ததால்தான் அது மிச்சமாக நின்றது. ஒரு பொய்யால் இறக்கிய ஆளை இன்னொரு பொய்யால் தூக்க வேண்டாம் என்று அதை அடித்தாள்.

விடுமுறை முடிந்து வகுப்பு திறந்தது. ஆட்டோவில் போய் இறங்கி, குட்டை மேஜையில் உட்கார்ந்தாள். பாடம் எடுக்கும் பெண் போர்டில் தலைப்பு எழுதினாள்: 'ஒரு பிரிவை மூடலாமா?' அதன் கீழே மூன்று கட்டம். "போன பாடத்தை மட்டும் வெச்சுக்கிட்டு யாரும் இந்த முடிவை எடுத்துடக் கூடாது. எல்லாரும் பண்ற தப்பு இது," என்று ஆரம்பித்தாள். பிறகு வழக்கம்போல அவள் முகத்தைப் பார்த்தாள். சாக்பீஸ் நின்றது.

வகுப்பு முடிந்ததும் அந்தப் பெண் பக்கத்தில் வந்தாள். "மேடம், மூடிட்டீங்களா?"

அவள் தலையாட்டினாள்.

"இதை லீவுக்கு முன்னாடியே முடிச்சிருக்கணும். நேரம் பத்தல," என்றாள் அந்தப் பெண். இன்னும் ஏதோ சொல்ல வாயெடுத்து, தன்னைவிடப் பெரியவளின் தோளைத் தொடுவதா வேண்டாமா என்று தெரியாமல், டஸ்டரை எடுத்துச் சுத்தமாக இருந்த போர்டையே மறுபடி துடைத்தாள்.

சலவைக்கூடத்தின் அடுத்த விடுமுறை நாளில் அவள் பஸ் ஏறினாள்.

கிடங்கின் வாசலில் அண்ணன் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்து லாரியிலிருந்து இறங்கும் மூட்டைகளை எண்ணிக்கொண்டிருந்தார். சட்டை தோளில் தொங்கியது. அவளைப் பார்த்ததும் எழுந்தார், ஆனால் எண்ணிக்கை விட்டுப்போகக் கூடாதென்று ஒரு கையைத் தூக்கி, பொறு என்று காட்டினார். லாரி காலியானதும்தான், "என்ன சில்லறை, சொல்லாம கொள்ளாம?" என்றார்.

"கணக்குத் தப்பு அண்ணா."

"எந்தக் கணக்கு?"

"உன்னோடது."

அவர் ஸ்டூலை அவளுக்குத் தள்ளிவிட்டு ஒரு மூட்டையின் மேல் உட்கார்ந்தார். அவள் தாள் எதையும் எடுத்துவரவில்லை. வழியெல்லாம் யோசித்து வைத்திருந்ததைச் சொன்னாள். "மூணு பேரு சேர்ந்து ஒரு வேன் பிடிக்கறோம்னு வெச்சுக்கோ. வாடகை எழுபது. ஒருத்தர் நாப்பது தராரு, ஒருத்தர் முப்பது, ஒருத்தர் இருபத்தஞ்சு. வேனுக்குக் கொடுத்தது போக இருபத்தஞ்சு கையில நிக்குது. இருபத்தஞ்சு கொடுத்தவரு கொஞ்சம் பருமன், பாதி சீட்டை அடைச்சுக்கிட்டாரு. 'உன் சீட்டுக்கு முப்பத்தஞ்சு ஆகுது, நீ தர்றது குறைச்சல்'னு அவரை நடுவழியில இறக்கி விட்டுட்டாங்க."

"இறக்கி விட்டா வேன்காரன் குறைச்சுக்குவானா?" என்றார் அண்ணன்.

"மாட்டான்."

"அவன் எழுபதுக்கு எழுபது வாங்கிடுவான். இந்த ஆளு கொடுத்த இருபத்தஞ்சும் போச்சு." அவர் நிறுத்தினார். வகுப்பிலிருந்து திரும்பும் வழிகளில் வந்த "ஓகோ" இப்போது வரவில்லை. மெதுவாக, "அப்போ நான் ஓசியில வரல," என்றார்.

"இல்லண்ணா. ஒரு நாளும் இல்ல."

அவர் லாரி போன பக்கம் திரும்பிக்கொண்டார். முதுகு இரண்டு தடவை குலுங்கியது. துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு திரும்பியபோது முகம் சாதாரணமாக இருந்தது.

"திரும்பி வந்துடு அண்ணா. கம்பி வாங்கிப் போட்டுக்கலாம். இடம் அப்படியேதான் கிடக்கு. அந்த ரெண்டு பேரையும் தேடிக் கண்டுபிடிக்கறேன்."

"ஒண்ணு கேக்கறேன். நீ இப்ப வந்தது, நான் நஷ்டம் இல்லைன்னு கண்டுபிடிச்சதால."

"ஆமா."

"நெஜமாவே நஷ்டமா இருந்திருந்தா?"

'நஷ்டமா இருந்தா என்னண்ணா, நீ இருந்திருப்பே' என்பது அவள் நாக்கு நுனி வரைக்கும் வந்தது. ஆனால் அந்த மதியம், பக்கெட்டின் மேல் உட்கார்ந்திருந்தவரிடம், அதை அவள் சொல்லவில்லை. இன்றைக்குச் சொன்னால் அதற்கு விலை கிடையாது என்று இருவருக்கும் தெரிந்தது.

"கோபத்துல கேக்கல," என்றார் அண்ணன். "நீ தப்பா எதுவும் பண்ணிடல, தெரிஞ்சதை வெச்சுப் பண்ணினே. ஆனா அங்க திரும்பி வந்தா, மாசக் கடைசியில நீ பேனா எடுக்கறப்பல்லாம் இந்த மாசம் நான் எந்தப் பக்கம்னு பாத்துக்கிட்டே இருப்பேன். உன்னையும் நிம்மதியா இருக்க விடமாட்டேன். வேணாம் சில்லறை. கம்பளத்துக்கு வேற நல்ல ஆளா பாத்து ஆரம்பி."

"பாதி லாபமாவது வாங்கிக்கோ."

"அதை வாங்கிக்கறேன்," என்றார் அவர், அவளைப் பார்த்துக்கொண்டே. "இப்ப வாங்கிக்கலாம்."

"இப்ப பூஜ்யம்தாண்ணா."

"அதுலயும் பாதி எனக்கு," என்றார். அவள் அழுதுகொண்டே சிரித்தாள். அவர் சிரிக்கவில்லை, அவள் தலையில் கையை வைத்தார்.

அண்ணி சாப்பாட்டுக் கேரியரோடு வாசலில் வந்து நின்றாள். நாத்தனாரைப் பார்த்ததும் முகம் இறுகியது. வா என்றும் சொல்லவில்லை. போனில் கேட்ட கேள்வி அப்படியே கண்ணில் இருந்தது.

"வந்துட்டியா?" என்றார் அண்ணன் மனைவியிடம். பிறகு தங்கைப் பக்கம் திரும்பினார். "வேன் கதையெல்லாம் வேணாம். இவளுக்கு நேரா சொல்லு. எனக்கும் இன்னொரு தடவை கேக்கணும்."

அவள் ஸ்டூலிலிருந்து எழுந்து நின்றாள். வகுப்பில் பதில் சொல்வதுபோலக் கைகளைக் கட்டிக்கொண்டாள்.

"ஒரு பிரிவை மூடலாமா வேண்டாமான்னு பாக்கணும்னா, வாடகை, பாய்லர் மாதிரி எல்லாருக்கும் பொதுவான செலவை அது தலையில கட்டக் கூடாது அண்ணி. ஏன்னா, அதை மூடினாலும் அந்தச் செலவு நிக்காது, அடுத்தவங்க தலையில ஏறும். அந்தப் பிரிவு கொண்டுவர்ற வரவுல, அதோட கூடவே நின்னுபோற செலவை மட்டும் கழிக்கணும். மிச்சம் ஏதாவது நின்னா, அதை மூடினா அந்த மிச்சம் அத்தனையும் நஷ்டம். அண்ணனோட பிரிவுல மாசாமாசம் இருபத்தஞ்சாயிரம் மிச்சம் நின்னுது. அவரு யாரு சோத்தையும் சாப்பிடல."